அச்சில் பிறக்கும் படகு

சென்னைக்கு வடக்கே ஏறத்தாழ 60 கிலோமீட்டர் தொலைவில் உள்ளது பழவேற்காடு. ஏரிக்கும் கடலுக்கும் இடையே கிடக்கும் மணல் திட்டில் நின்று பார்த்தால், கரை நெடுகப் படகுகள் ஓய்வு கொண்டிருப்பதைக் காணலாம். லைட்ஹவுஸ் குப்பமானாலும் அரங்கன்குப்பமானாலும் கோரைக்குப்பமானாலும் காட்சி ஏறக்குறைய ஒன்றுதான். ஒரு படகு நீலம், அடுத்தது பச்சை. ஒன்றின் அணியத்திலே தெய்வத்தின் பெயர். மற்றொன்றில் மகளின் பெயர். வண்ணத்தையும் எழுத்தையும் சற்றே மறந்துவிட்டு உருவத்தை மட்டும் உற்று நோக்குங்கள், நேயர்களே. அணியத்தின் வளைவு, விளிம்பின் ஏற்றம், அடிப்பாகத்தின் சரிவு ஆகிய அனைத்தும் ஒன்றுபோல் இருக்கும். ஒரே பட்டறையில் பிறந்த இரண்டு படகுகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்து அளந்தால், விரற்கடை வேறுபாடும் காண்பது அரிது. அவை ஓர் அச்சில் வார்க்கப்பட்டவை.

இதே கரையில் முன்பு கட்டுமரங்கள் இருந்தன. இலேசான மரக்கட்டைகள் சிலவற்றை வாய்ச்சியால் செதுக்கி, கயிற்றால் பிணைத்து அமைத்தது கட்டுமரம். கடலிலிருந்து திரும்பியதும் பிணைப்பை அவிழ்த்துக் கட்டைகளை வெயிலில் காய வைப்பார்கள். மறுநாள் மீண்டும் கட்டுவார்கள். கட்டை கிடைத்தபடி உருவம். செதுக்கியவன் கைவாக்குப்படி ஓட்டம். ஒன்றைப்போல் மற்றொன்று இராது. வேடிக்கை என்னவென்றால், தமிழ்ச் சொல்லாகிய 'கட்டுமரம்' ஆங்கிலத்துக்குச் சென்று, அங்கே இரட்டை உடல் கொண்ட உல்லாசப் படகுக்குப் பெயராகிவிட்டது. அந்த உல்லாசப் படகுகளிலும் மிகப் பல இன்று அச்சில் வார்த்தவையே. பெயர் போன நாட்டிலும் அச்சு. பெயர் பிறந்த கரையிலும் அச்சு.

கண்ணாடியை மெல்லிய இழையாக நூற்கும் தொழில் 1930-களில் அமெரிக்காவில் வளர்ந்தது. 1940-களில் அந்த இழையைப் பாலியெஸ்டர் பிசினில் தோய்த்துப் படகு செய்யத் தொடங்கினார்கள். நம் கரைக்கு அது மெல்லத்தான் வந்தது. 1979-இல் ஐ.நா. உணவு வேளாண்மை நிறுவனத்தின் வங்காள விரிகுடாத் திட்டம் சென்னையில் அலுவலகம் கொண்டு இயங்கத் தொடங்கியது. மணற்கரையில் நேராக வந்து ஏறக்கூடிய சிறு படகுகளை அத்திட்டத்தார் இந்தப் பொருளைக் கொண்டு அமைத்துச் சோதித்தார்கள். மெல்ல வந்ததை வெள்ளமாக்கியது 2004 டிசம்பர் 26-ஆம் நாள் வந்த ஆழிப்பேரலை. மரங்களை இழந்து நின்ற மீனவர்களுக்கு நிவாரணமாகக் கண்ணாடி இழைப் படகுகள் வழங்கப்பட்டன. மக்கள் அதனைச் சுருக்கமாகப் 'பைபர்' என்றே அழைக்கிறார்கள். நாமும் அப்படியே அழைப்போம்.

இன்று நான் பேச எடுத்துக்கொண்டது அந்தப் பைபரைப் பெற்றெடுக்கும் அச்சைப் பற்றி. படகை நம்பிக் கடலுக்குப் போகிறவர் அச்சைப் பெரும்பாலும் பார்த்திருக்கமாட்டார். அவருடைய உயிர் பாதி அந்த அச்சுக்குள்ளேயே தீர்மானமாகிவிடுகிறது.

அச்சுத் தொழிலில் உள்ளே ஊற்றுவது எளிது. வெளியே எடுப்பதுதான் வித்தை. வீட்டிலே இட்லி ஊற்றும்போது தட்டில் துணி விரிக்கிறோம், அல்லது எண்ணெய் தடவுகிறோம். ஏன்? வெந்த இட்லி தட்டை விட்டு வர வேண்டும் என்பதற்காக. சுவாமிமலை ஸ்தபதியார் தெய்வத் திருமேனியை மெழுகில் செய்து, அதன்மேல் வண்டல் மண் பூசி, சூடுகாட்டி மெழுகை உருக்கி வடித்துவிட்டு, அந்த வெற்றிடத்தில் உலோகத்தை ஊற்றுகிறார். ஆறியபின் மண் அச்சை உடைத்துவிடுகிறார். விரல்களும் ஆபரணங்களும் நிறைந்த அவ்வுருவம் வேறு எவ்விதத்திலும் வெளிவராது. ஆகையால் ஒரு திருமேனிக்கு ஓர் அச்சு. அதன் வாழ்வு அத்துடன் முடிந்தது.

அச்சை உடைக்கக் கூடாது, ஒரே அச்சில் நூறு உருவம் வேண்டும் என்றால், அச்சு, வார்ப்பு ஆகிய இரண்டில் ஒன்றாவது வளைந்து கொடுக்க வேண்டும். இதற்கு ரப்பர் நல்ல உதாரணம். கன்னியாகுமரி மாவட்டத் தோட்டங்களிலே ரப்பர் மரத்தின் பட்டையைச் சீவியதும் பால் வடிகிறதல்லவா? அந்தப் பாலில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்குதான் ரப்பர், பெரும்பகுதி நீர். அதைச் சுழல் இயந்திரத்தில் இட்டு நீரைக் குறைத்து, நூற்றுக்கு 60 பங்கு செறிவாக்கி, உறைந்து போகாமல் இருக்க அம்மோனியா கலந்து வைக்கிறார்கள். கையுறை, பலூன், நாடக முகமூடி, சினிமா வேடத்துக்கான பொய்த்தோல் எல்லாம் இந்தப் பாலிலிருந்து பிறப்பவையே.

இந்தப் பாலை ஜிப்ஸம் அச்சில் ஊற்றினால், அச்சின் சுவர் நீரை உறிஞ்சிக்கொள்ளும். சுவரை ஒட்டி ரப்பர் தோல்போலப் படியும். சிறிது நேரம் பொறுத்து மீதிப் பாலைக் கவிழ்த்துவிட்டால், உள்ளே கூடான உருவம் நிற்கும். சிலிக்கோன் அச்சில் இது நடவாது. சிலிக்கோன் ஒரு துளி நீரையும் குடிப்பதில்லை. ஆகவே அதில் ரப்பர்ப் பாலைத் தூரிகையால் மெல்லியதாகப் பூசிக் காய வைத்து, காய்ந்தபின் அடுத்த பூச்சுப் பூச வேண்டும். ஈரமாக இருக்கும்போது பால் வெள்ளையாகத் தோன்றும். உலர உலரப் பழுப்பு மஞ்சளாகித் தெளியும். வெண்மை மாறுமுன் அடுத்த பூச்சைப் பூசுகிற அவசரக்காரருக்கு, உள்ளே ஈரம் சிறைப்பட்டுக் கொழகொழவென்ற பண்டமே மிஞ்சும். தடிப்பாக ஒரே தடவையில் ஊற்றுகிறவர் கதியும் அதுவே: மேல்தோல் இறுகிவிடும், அடியில் பல நாள் ஈரம் நிற்கும். உரித்து எடுக்குமுன் முகப்பவுடர் போன்ற மாவைத் தூவ வேண்டும். இல்லையேல் ரப்பர் தன்மேல் தானே ஒட்டிக்கொண்டு பிரிக்க முடியாத உருண்டையாகிவிடும். செம்புப் பாத்திரமும் எண்ணெயும் வெயிலும் ரப்பருக்குப் பகை.

இவ்வளவு தொல்லைக்கும் சிலிக்கோனை நாடுவது ஏன் என்று கேட்கலாம். சிலிக்கோன் தன்னைத் தவிர வேறு எதனோடும் எளிதில் ஒட்டாது. மேலே எண்ணெய் தடவ வேண்டிய அவசியமே இல்லை. கைரேகையின் கோடுகளையும் அது அப்படியே பிரதி எடுக்கும். இங்கே அச்சும் வளைகிறது, வார்ப்பும் வளைகிறது. மூக்கின் துவாரம், காதின் மடல் போன்ற உட்குழிவான இடங்களிலிருந்தும் வார்ப்பை உரித்து எடுத்துவிடலாம். சிலிக்கோனிலும் ஒரு வகை உண்டு. பிளாட்டினத்தால் இறுகும் அவ்வகையை ரப்பர் உருவின்மேல் ஊற்றினால், ரப்பரில் உள்ள கந்தகம் அதை இறுகவொட்டாமல் தடுத்துவிடும். ரப்பரைச் சிலிக்கோனில் வார்க்கலாம். ரப்பர்மேல் அவ்வகைச் சிலிக்கோனை ஊற்றி அச்செடுக்க முயன்றால் விரயம். ஒரு வழிப் பாதை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

படகுக்கு வருவோம். படகு வளையக்கூடாது. அச்சும் வளையக்கூடாது, 28 அடி நீளமுள்ள அச்சு வளைந்தால் படகு கோணலாகிவிடும். இரண்டும் விறைப்பானவை. அப்படியானால் எதனால் படகு வெளிவருகிறது? உருவத்தின் தயவால். அடி குறுகி மேல்விளிம்பு அகன்று இருப்பதால், மேல்நோக்கித் தூக்கினால் கிண்ணத்துக்குள்ளிருந்து கிண்ணம் வருவதுபோல் வந்துவிடுகிறது. எங்கேனும் ஓரிடத்தில் உருவம் உட்பக்கமாகத் திரும்பினால் போதும், படகு அச்சிலேயே சிறைப்படும். அப்படிப்பட்ட உருவம் தேவையானால், அச்சை நீளவாக்கில் இரண்டாகச் செய்து திருகாணியால் இணைத்துக்கொள்கிறார்கள். பைபர் படகுகளின் விளிம்பு எப்போதும் வெளிப்பக்கம் விரிந்தே இருப்பதற்கு அலையும் காற்றும் மட்டுமே காரணம் என்று எண்ணிவிடாதீர்கள். அச்சின் வசதியும் ஒரு காரணம்.

அச்சு எப்படித் தோன்றுகிறது? முதலில் மரத்தாலும் மாவாலும் முழு அளவில் ஒரு படகைச் செய்கிறார்கள். இந்த மூல உருவம் கடலுக்குப் போகப் போவதில்லை. அதைத் தேய்த்துத் தேய்த்துக் கண்ணாடிபோல் மெருகேற்றுகிறார்கள். அதன்மேல் மெழுகு பூசி, பிசினும் இழையும் கனமாக இட்டு, வெளிப்புறம் இரும்புச் சட்டம் கட்டிப் பெயர்த்தெடுத்தால் அதுதான் அச்சு; தொழிலாளர் 'மோல்டு' என்பர். மூல உருவத்தில் ஒரு மேடு இருந்தால் அச்சில் ஒரு பள்ளம். அச்சில் பிறக்கும் ஒவ்வொரு படகிலும் அதே மேடு. நன்மையும் அப்படித்தான் பெருகும், தீமையும் அப்படித்தான் பெருகும். கட்டுமரத்தில் ஒருவன் செய்த பிழை ஒரு மரத்தோடு போயிற்று.

படகு வார்க்கும் நாளில் அச்சுக்குள் மெழுகைத் தடவித் துடைத்து மெருகிடுகிறார்கள். அச்சு புதியதாயின் பலமுறை தடவ வேண்டும். பிறகு 'ஜெல் கோட்' என்னும் வண்ணப் பிசின். அரை மில்லிமீட்டர் கனம். கரையில் நாம் காணும் நீலமும் பச்சையும் இதுவே. வெளிப்புறத் தோல் முதலில் பிறக்கிறது, உட்புறம் பின்னால் வளர்கிறது என்பதைக் கவனியுங்கள். ஜெல் கோட் விரலில் ஒட்டியும் ஒட்டாமலும் இருக்கும் பதத்தில், 'மேட்' என்னும் கண்ணாடி இழைப் பாயை விரித்துப் பிசினைத் தடவுகிறார்கள். பாய்க்குள் அகப்பட்ட காற்றை உருளையால் அழுத்தி அழுத்தி வெளியேற்ற வேண்டும். வெள்ளைப் பாய் பிசின் ஊற ஊற மறைந்து தெளிவாகும். வெள்ளைப் புள்ளி எங்கே எஞ்சியிருக்கிறதோ அங்கே காற்று எஞ்சியிருக்கிறது. ரப்பர்ப் பாலிலே வெண்மை ஈரத்தைக் காட்டிற்று. இங்கே வெண்மை வறட்சியைக் காட்டுகிறது. இதுபோல் ஒன்றன்மேல் ஒன்றாகப் பல பாய்கள். இடையிடையே நெய்த இழைத்துணி.

பாயின் எடை ஒரு கிலோ என்றால் பிசின் இரண்டு முதல் இரண்டரைக் கிலோ வரை வேண்டும். பலத்தைத் தருவது இழை; இழையைக் கட்டிவைப்பது பிசின். பிசின் மிகுந்தால் படகு கனக்கும், அடிபட்டால் தட்டுப்போல் விரியும். பிசின் குறைந்தால் உள்ளே வறண்ட இழை, நீரைத் திரிபோல் உறிஞ்சும்.

பிசினை இறுகச் செய்வதற்கு 'ஹார்டனர்' என்னும் பெராக்சைடு திரவத்தைக் கலக்கிறார்கள். நூற்றுக்கு ஒன்று அல்லது இரண்டு பங்கு. அதற்குத் துணையாகக் கோபால்ட் உப்புத் திரவம் முன்பே பிசினில் கலந்திருக்கும். இவ்விரண்டு திரவங்களையும் பிசின் இல்லாமல் நேருக்கு நேர் கலந்தால் தீப்பற்றி வெடிக்கும். ஒரே கரண்டியால் இரண்டையும் முகப்பதுகூட ஆபத்து. கண்ணில் ஹார்டனர் தெறித்தால் பார்வை போகக்கூடும். உடனே நிறைய நீர்விட்டுக் கழுவி மருத்துவரிடம் ஓட வேண்டும். கரையோரத்துச் சிறு பட்டறைகளில் இந்த எச்சரிக்கை சுவரில் தமிழில் எழுதப்பட்டிருக்க வேண்டும் என்பது என் விருப்பம். பிசினிலிருந்து எழும் ஸ்டைரீன் ஆவியும், தேய்க்கும்போது பறக்கும் இழைத் தூசியும் மார்புக்கு ஆகா. கைக்குட்டையை முகத்தில் கட்டிக்கொள்வது ஆவியைத் தடுக்காது.

நம் நாட்டு வெயிலுக்கும் இதில் பங்கு உண்டு. பிசின் இறுகும்போது தானே சூடாகிறது. சித்திரை வெயிலில் அந்தச் சூட்டோடு இந்தச் சூடும் சேர, வாளியில் கலந்த பிசின் பூசி முடிக்குமுன் கெட்டியாகிவிடும். அதற்கு அஞ்சி ஹார்டனரை மிகக் குறைத்துவிட்டால், படகு பார்வைக்கு இறுகியும் உள்ளுக்குள் இறுகாமலும் நிற்கும். விடியற்காலையில் வேலையைத் தொடங்கி, சிறிது சிறிதாகக் கலந்து, நிழலில் வார்க்கும் பட்டறையே நல்ல பட்டறை. ஆழிப்பேரலைக்குப் பின் தேவை திடீரென்று பெருகியபோது, புதிய பட்டறைகள் பல தோன்றின. ஆத்திரத்தில் வார்த்த படகுகள் எல்லாம் ஒரே தரமாக இருந்தன என்று சொல்வதற்கில்லை. உணவு வேளாண்மை நிறுவனம் இழைப் படகு கட்டும் முறையை விளக்கும் கையேடு ஒன்றை 2009-இல் வெளியிட்டது. அதைப் படிப்போர், உருளையின் அழுத்தம் முதல் மெழுகின் மெருகு வரை எத்தனை சிறிய காரியங்கள் ஒரு படகைத் தாங்குகின்றன என்று வியப்பார்கள்.

வார்த்த படகை அச்சிலேயே இறுக விட்டு, குறுக்குச் சட்டங்களையும் இருக்கைகளையும் உள்ளே பிணைத்தபின்தான் எடுக்க வேண்டும். அவசரத்தில் முன்னதாக எடுத்தால் விலா இல்லாத உடல்போல அது உருமாறும். எடுக்கும்போது விளிம்பில் மர ஆப்புகளைச் செருகி, இடுக்கில் நீரை ஊற்றுவார்கள். நீர் அச்சுக்கும் படகுக்கும் இடையே இறங்கிச் சென்று படகை மெல்லத் தூக்கும். 'டப்' என்று ஓர் ஓசை கேட்கும். படகு பிறந்தது என்று பொருள்.

இனி நான் முக்கியமாகச் சொல்ல வந்ததைச் சொல்கிறேன். கட்டுமரம் மூழ்காது. அலை புரட்டினாலும் கட்டை மிதக்கும். மீனவர் அதைப் பற்றிக்கொண்டு உயிர் பிழைப்பார். அவர் தந்தையும் பாட்டனும் அவ்வாறு பிழைத்தவர்கள். 'மரம் கைவிடாது' என்னும் நம்பிக்கை தலைமுறை தலைமுறையாக வந்தது. பைபர் நீரைவிட ஏறத்தாழ ஒன்றரை மடங்கு கனமான பொருள். உள்ளே காற்று இருக்கும் வரையில்தான் அது மிதக்கும். நீர் நிறைந்தால் கல்போல் இறங்கும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். பைபர் மட்டும் 600 கிலோ எடையுள்ள படகு என்று வைத்துக்கொள்ளுங்கள். அது முழுக்க நீருக்குள் போனால், 400 லிட்டர் நீரை விலக்கும். அந்நீர் 400 கிலோவைத் தாங்கும். மீதி 200 கிலோவைத் தாங்க ஆள் இல்லை. எஞ்சினும் நங்கூரமும் சேர்ந்து 100 கிலோ என்றால், மொத்தம் 300 கிலோ கீழே இழுக்கிறது. ஆக, 300 லிட்டர் அளவுக்காவது நீர் புகாத மூடிய அறைகளும், அவற்றுள் நுரைப்பஞ்சு அடைப்பும் அப்படகில் இருந்தாக வேண்டும். பற்றிக்கொண்டு தொங்கும் நான்கு மனிதர்களுக்காக இன்னும் கொஞ்சம். அணியத்திலும் பின்புறத்திலும் இருக்கைகளின் அடியிலும் மூடிவைத்திருக்கும் அந்த அறைகள் வீணான இடமாகத் தோன்றும். வலை வைக்கலாமே, ஐஸ் வைக்கலாமே என்று அவற்றை அறுத்துத் திறந்துவிட ஆசை எழும். திறந்துவிட்டால், கட்டுமரத்திலிருந்து நாம் மரபாகப் பெற்ற ஒரே பாதுகாப்பையும் இழந்தவர்களாவோம். படகு வாங்குவோருக்கு நுரை கண்ணில் படாது. அதனாலேயே செலவைக் குறைக்க நினைக்கும் பட்டறைக்காரர் முதலில் குறைக்கக்கூடியதும் அதுதான்.

பழவேற்காட்டுக்கு மற்றொரு பிரச்சினையும் உண்டு. நம் நாட்டின் உவர்நீர் ஏரிகளுள், சிலிகா ஏரிக்கு அடுத்தபடியாகப் பெரியது பழவேற்காடு ஏரி. பரப்போ மிகப் பெரிது. ஆழமோ பெரும்பாலான இடங்களில் ஒரு மீட்டர் அளவே. மடவையும் இறாலும் நண்டும் பிடிக்க அங்கே உலவும் படகு, தட்டையான அடியோடு கோல் ஊன்றிச் செல்லத்தக்கதாய் இருக்க வேண்டும். முகத்துவாரத்தைத் தாண்டிக் கடலுக்குப் போகும் படகோ அலையைப் பிளக்கும் கூரிய அணியம் உடையதாய் இருக்க வேண்டும். முகத்துவாரமும் மணலால் அடிக்கடி தூர்ந்து போகிறது. அங்கே தரை தட்டுவது சாதாரணம். மரத்தச்சர் இருந்தபோது ஏரிக்கு ஒன்று, கடலுக்கு ஒன்று என்று சொல்லிச் செய்துகொள்ள முடிந்தது. அச்சு வைத்திருக்கும் பட்டறைக்காரரிடம் போனால், தம்மிடம் உள்ள அச்சைத்தான் அவர் காட்டுவார். புது அச்சு செய்ய மூல உருவம் வேண்டும். அது பல படகுகளின் செலவு. ஆதலால் மீனவர் படகுக்கு ஏற்றவாறு தம்மை வளைத்துக்கொள்கிறார். இரண்டில் ஒன்று வளைய வேண்டும் என்று முன்னே சொன்னேனே, அது இங்கும் பொருந்துகிறது.

பழவேற்காட்டு மீனவர்களிடையே 'பாடு' என்னும் பழைய ஏற்பாடு ஒன்று உண்டு. கோட்டைக்குப்பம், ஆண்டிக்குப்பம், நடுக்குப்பம் முதலிய ஊர்களில், ஏரியின் மீன்வளம் மிகுந்த இடங்களில் யார், எந்த நாளில் வலையிடுவது என்பதைச் சீட்டுப் போட்டு முறைவைத்துப் பகிர்ந்துகொள்வர். எல்லாரும் எல்லா இடத்துக்கும் முறைப்படி வருவர். வெளிநாட்டு ஆராய்ச்சியாளர்கள் வந்து பாராட்டி எழுதிய ஏற்பாடு இது. அதற்குள் இடம்பெறாத பிற சமூகத்தாருக்கு அதனால் மனக்குறை உண்டு என்பதையும் அவர்கள் எழுதியிருக்கிறார்கள். நீரையே பங்கிடத் தெரிந்த ஊர்களுக்கு ஓர் அச்சைப் பொதுவில் வைத்துக்கொள்ள முடியாதா என்று எனக்குத் தோன்றுகிறது. ஏரிக்கு ஏற்ற மூல உருவத்தை வயது முதிர்ந்த மீனவர்கள் அருகிலிருந்து பார்த்து, 'இங்கே தாழ்த்து, அங்கே அகட்டு' என்று சொல்லச் சொல்லச் செதுக்கி, கூட்டுறவுச் சங்கத்தின் பெயரில் அச்சாக்கி வைத்தால், அந்த உருவம் ஊரின் சொத்தாக இருக்கும். மூல உருவம் மெருகேறும் வரையில்தான் யோசனைக்கு இடமுண்டு. அச்சு எடுத்தபின் சொல்லும் யோசனை பயன்படாது.

அச்சே இல்லாமல் இப்பொருளைப் பயன்படுத்தும் வழியும் உண்டு என்பதை இங்கே சொல்லவேண்டும். கொச்சியில் 1957-இல் தோன்றிய மத்திய மீன்பிடித் தொழில்நுட்ப நிறுவனத்தார், பால் வற்றி வெட்டப்படும் ரப்பர் மரத்தைப் பதப்படுத்திச் சிறு தோணி செய்து, அதன்மேல் கண்ணாடி இழைப் போர்வை போர்த்தினார்கள். மரத்தச்சரின் கையும் பிழைத்தது, மரமும் நீரில் அழுகாமல் பிழைத்தது. ஏரித் தொழிலுக்கு இவ்வழி பொருந்துமா என்பது சோதித்துப் பார்க்கத்தக்க விஷயம்.

பழுது பார்த்தலைப் பற்றிச் சிறிது. பைபர் பெரும்பாலும் கெடுவது அடிப்பாகத்திலே. மணலில் இழுக்க இழுக்க ஜெல் கோட் தேய்ந்து, இழை வெளியே தெரியும். அவ்விடத்தில் நீர் ஊறும். மேலே சிறிது பிசினைத் தடவிவிட்டால் போதும் என்று எண்ணுவது தவறு. இறுகிப்போன பழைய பைபரின்மேல் புதுப் பிசின் ஒட்டுவது, சொரசொரப்பைப் பற்றிக்கொண்டுதான். எனவே பழுதான இடத்தை நல்ல பாகம் தெரியும்வரை தேய்த்து, ஓரங்களைச் சரிவாக்க வேண்டும். சுவரின் கனத்தைப்போல் 12 மடங்கு சரிவு வேண்டும். 5 மில்லிமீட்டர் சுவருக்குச் சுற்றிலும் 6 சென்டிமீட்டர். உப்பு நீங்க நல்ல நீரால் கழுவி, நன்றாகக் காய வைத்தபின் பாயும் பிசினும் இட வேண்டும். குப்பத்துக்கு இருவர் இதைக் கற்றிருந்தால் போதும். படகை வண்டியிலேற்றிப் பட்டறைக்குக் கொண்டுபோகும் செலவு மிஞ்சும்.

செத்த கட்டுமரம் அடுப்பெரித்தது. செத்த பைபர் என்ன ஆகிறது? மட்காது. எரித்தால் எழும் கரும்புகை நஞ்சு. கரையிலே கவிழ்ந்து கிடந்து வெயிலில் பொரிந்து, இழை இழையாக உதிர்ந்து மணலோடு கலக்கிறது. பூநாரைகள் இறங்கும் சேற்றிலும், நண்டு பிடிக்கப் பெண்கள் கைவிடும் சேற்றிலும் அந்த இழைகள் போய்ச் சேர்வது நல்லதன்று. பழைய படகுகளைத் திரும்பப் பெற்று முறையாக அப்புறப்படுத்தும் பொறுப்பை, விற்பவரோ அரசோ ஏற்கும் ஏற்பாடு நம் கரைக்கு வேண்டும்.

படகு வாங்கப் போகும் நேயர்களுக்கு ஒரு வார்த்தை. உட்புறத்தில் வண்ணம் பூசுமுன்பே பட்டறைக்குப் போய்ப் பாருங்கள். உட்சுவரில் வெண்புள்ளிகளும் வறண்ட இழையும் தென்படுகின்றனவா என்று தேடுங்கள். ஒரு நாணயத்தால் சுவரை வரிசையாகத் தட்டிக்கொண்டே செல்லுங்கள். கணீரென்ற ஓசை நடுவே 'மொத்' என்று மாறினால், அங்கே பாய்கள் ஒன்றோடொன்று ஒட்டவில்லை. வார்த்து வாரக்கணக்கான பின்னும் பிசின் நாற்றம் வீசினால், அல்லது அசிட்டோன் நனைத்த துணியால் துடைத்த இடம் பிசுபிசுத்தால், படகு சரியாக இறுகவில்லை. மூடிய அறைகளில் எத்தனை லிட்டர் நுரை இட்டிருக்கிறது என்று கேட்டு, அதைப் பில்லில் எழுதித் தரச் சொல்லுங்கள். பிறகு, அச்சைக் காட்டச் சொல்லுங்கள். அதன் உட்புறத்திலே கையை வைத்துத் தடவிப் பாருங்கள்; கீறலும் மேடும் பள்ளமும் கைக்குத் தட்டுப்பட்டால், விலை பேசுவதற்கு முன் வேறு பட்டறையையும் ஒருமுறை பார்த்துவிட்டு வாருங்கள்.